மூங்கில் குதிரையின் பசி

சும்பராரும் என்ற ஊரில் மூங்கில் குதிரை கீரை தின்னத் தொடங்கியது ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை ஏழு மணி வாக்கில். இபு சர்மி தன் பெசெல் கடைக்குக் கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். இபு என்றால் அம்மா. பெற்ற மகளும் அவளை அப்படித்தான் கூப்பிடுவாள், ஊரும் அப்படித்தான் கூப்பிடும். பெசெல் என்பது வெந்த கீரையையும் முளைப்பயறையும் சோற்றின் மேல் போட்டு, வேர்க்கடலையும் மிளகாயும் சேர்த்து அரைத்த குழம்பை ஊற்றி, வாழையிலையில் மடித்துக் கொடுப்பது. கிழக்கு ஜாவாவில் அது இல்லாமல் பலருக்குப் பொழுதே விடியாது. மகள் நிகென் ஒரு கட்டுக் கீரையைத் தூக்கிக்கொண்டு சுவரோரமாக நடந்தாள். சுவரில் சாத்தியிருந்த குதிரை, மூங்கில் பட்டையில் பின்னிக் கறுப்பும் வெள்ளையுமாகச் சாயம் அடித்து நார்ப் பிடரி வைத்த, முறத்தைப்போலத் தட்டையான அந்தக் குதிரை, கழுத்தை நீட்டி அவள் கையிலிருந்து ஒரு வாய் பிடுங்கி நிதானமாக மென்று விழுங்கியது. இபு சர்மி அதைப் பார்த்தாள்.

"ஏய், அது காசு குடுத்து வாங்கின கீரைடி. அதுக்குப் புல்லைப் போடு" என்றாள்.

நிகென் வேலியோரம் போய்ப் புல் பிடுங்கி வந்து கொடுத்தாள். குதிரை தின்றது. இபு சர்மி கொடுத்துப் பார்த்தாள், முகத்தைத் திருப்பிக்கொண்டது. பெசெல் வாங்க வந்தவர்கள் ஒவ்வொருவராகக் கொடுத்துப் பார்த்தார்கள், யாரையும் அது மதிக்கவில்லை. நிகெனின் கை வந்தால் மட்டும் வாய் திறந்தது. இதற்காக யாரும் கடையை மூடவில்லை. எட்டு மணிக்குள் எப்போதும்போல அறுபது பொட்டலம் விற்றுத் தீர்ந்தது.

குதிரைக்கு முந்தைய நாள்வரை சொந்தக்காரர்கள் 'துரங்கோ முடோ' என்ற குதிரையாட்டக் குழு. நம்முடைய துரகம்தான் கடல் கடந்துபோய் அங்கே துரங்கோ ஆகிக் கிடக்கிறது. முடோ என்றால் இளசு. பெயருக்கேற்றபடி இருபத்திரண்டு பேரும் சின்ன வயசுக்காரர்கள். வாரநாட்களில் ஒருவன் பைக்கில் பார்சல் கொண்டுபோவான், ஒருத்தி வயல் நடுவே புதிதாக முளைத்த காபிக்கடையில் பால் நுரைமேல் இலை வரைவாள், இன்னொருத்தி கொரிய நடிகைகள் பூசும் களிம்பைக் கைப்பேசியில் விற்பாள். சனிக்கிழமை வந்துவிட்டால் அத்தனை பேரும் காலில் சலங்கை கட்டி, தொடைகளுக்கிடையே குதிரையை இடுக்கிக்கொண்டு, மத்தளமும் பெரிய தொங்குமணியும் அதிர அதிர ஆடுவார்கள். ஆட்டம் முற்றினால் ஆவி இறங்கும். இறங்கியவர்கள் கனைப்பார்கள், புல் தின்பார்கள், தேங்காயைப் பல்லாலேயே உரிப்பார்கள். வந்த ஆவி கேட்டதைக் கொடுத்துத்தான் அனுப்ப வேண்டும். ஒன்று ரோஜா இதழ் கேட்கும், ஒன்று கறுப்புக் காபி கேட்கும். போன வருஷம் வந்த ஒன்று கொரியப் பாட்டுதான் வேண்டும் என்று ஒரே அடமாக அடம்பிடித்தது, அதையும் இந்தத் தொங்குமணியிலேயே ஒருமாதிரி வாசித்து அனுப்பிவைத்தார்கள். அதில் யாரும் குற்றம் காணவில்லை. ஆவிகளிலும் இளசுகள் இருக்காதா என்ன?

அப்படி வந்த ஆவியைத் திருப்பி அனுப்புகிறவருக்குப் பாவாங் என்று பெயர். துரங்கோ முடோவின் பாவாங் மாஸ் குனாடி. மாஸ் என்பது அண்ணன் என்கிற மாதிரி. வயது முப்பத்திரண்டு, கடைத்தெருவில் கைப்பேசி பழுது பார்க்கிற கடை வைத்திருந்தார். வாரத்தில் ஆறு நாள் செத்த போன்களை எழுப்புவார், ஏழாம் நாள் மயங்கிக் கிடக்கும் மனிதர்களை எழுப்புவார், இரண்டுக்கும் ஒரே பொறுமைதான்.

நிகெனுக்கு இருபத்திரண்டு வயது. பதினான்கு மாதமாகப் பக்கத்து நகரத்துப் பயிற்சி நிலையத்தில் ஜப்பானிய மொழி படித்தாள். விடியற்காலையில் வரிசையாக ஓடி, தொண்டை கிழிய வணக்கம் சொல்லி, இடுப்புவரை குனிந்து நிமிர்ந்து, ரப்பர் பொம்மையை முதியவராகப் பாவித்துக் குளிப்பாட்டவும் புரட்டிப்போடவும் ஊட்டிவிடவும் கற்றுக்கொண்டாள். முதல் தடவை பரீட்சையில் தவறி, இரண்டாம் தடவை தேறி, வடக்கு ஜப்பானில் ஒரு முதியோர் இல்லத்தில் அவளுக்கு வேலை கிடைத்திருந்தது. அவளுக்குப் போக ஆசை. இதை மறைப்பதற்கு ஒன்றுமில்லை. பனி விழுவதைப் பார்க்க வேண்டும், தன் பெயருக்கு ஒரு சாவி வேண்டும், பெசெல்காரி மகள் என்று யாருக்கும் தெரியாத தெருவில் ஒருநாளாவது நடந்து பார்க்க வேண்டும். ஆட்டத்தின் மேலும் அவளுக்கு உயிர். அவளுடைய அலமாரியில் கொரியப் பாடகர்களின் பட அட்டைகளும் சலங்கையும் ஒரே தட்டில்தான் இருந்தன, ஒருநாளும் சண்டை போட்டதில்லை.

அவளை வழியனுப்புவதற்காக வைத்த ஆட்டத்தில்தான் அந்தத் தப்பு நடந்தது. அது லெகி சனிக்கிழமை. ஜாவாவில் ஏழு நாள் வாரத்தோடு கூடவே ஐந்து நாள் சந்தை வாரமும் ஓடுகிறது, அதில் ஒருநாளின் பெயர் லெகி. சனியும் லெகியும் கைகோத்து வர முப்பத்தைந்து நாள் ஆகும். அன்றைக்கு நிகென் ஆடிய ஆட்டத்தை ஊர் இன்னும் சொல்கிறது. ஆவி வந்தது, கனைத்தது, ரோஜா இதழ் கேட்டது, தின்றது. சாயங்காலம் மாஸ் குனாடி அவளைப் பாயில் கிடத்தி, காதில் சொல்ல வேண்டியதைச் சொல்லி, உச்சந்தலையில் ஊதி, தலையிலிருந்து பாதம்வரை கையால் வழித்து, வழித்ததைப் பிடிக்குள் மூடிக் குதிரைமேல் தட்டிவிட்டார். ஆவி குதிரைவழியாகத் தன் ஊருக்குப் போனது. நிகென் எழுந்து உட்கார்ந்து தண்ணீர் கேட்டாள்.

அப்போது இல்ஹாம் ஓடிவந்தான். இல்ஹாம் அவளோடு பள்ளியில் படித்தவன், கல்யாண வீடியோ எடுக்கிறவன், துரங்கோ முடோவின் ஆட்டங்களை நேரலையாக ஊர் உலகத்துக்கெல்லாம் காட்டுகிறவன்.

"மாஸ், ஒரு குடை குறுக்க வந்துடுச்சு. கடைசியா ஊதினீங்களே, அதை மட்டும் இன்னொரு தடவை பண்ணிடுங்க. அவ ஜப்பான்ல உக்காந்து பாக்கப்போறது இதைத்தான்."

அவன் கெட்ட எண்ணத்தில் கேட்கவில்லை. மாஸ் குனாடிக்கும் முதல் தடவை தலைப்பாகை ஒருபக்கம் சரிந்துவிட்டதில் உள்ளுக்குள் கொஞ்சம் வருத்தம் இருந்தது. "சரி, ஒரு நிமிஷம்" என்று தலைப்பாகையைச் சரிசெய்துகொண்டார்.

"சீக்கிரம் மாஸ், பசி உயிர் போகுது" என்று சொல்லிவிட்டு நிகென் மறுபடி பாயில் படுத்துக் கண்ணை மூடிக்கொண்டாள்.

அவர் மறுபடி காதில் சொன்னார், மறுபடி ஊதினார், மறுபடி தலையிலிருந்து பாதம்வரை வழித்துக் குதிரைமேல் தட்டினார். படம் மிக நன்றாக வந்தது. நிகென் எழுந்து, அம்மா கட்டிக் கொடுத்திருந்த பெசெல் பொட்டலத்தைக் கையில் எடுத்துப் பார்த்துவிட்டு, பிரிக்காமலே பக்கத்தில் வைத்தாள். குதிரையை அவள் ஞாபகத்துக்கு வைத்துக்கொள்ளட்டும் என்று குழு கொடுத்துவிட்டது. மறுநாள் காலையில் அது கீரை தின்றது.

ஊர் குதிரையைச் சுலபமாக ஏற்றுக்கொண்டது. மழை வந்தால் நனையாமல் இருக்கச் சுவரோரம் ஒரு தகரம் போட்டார்கள். அது தினமும் காலையில் உலர்ந்த சாணம் கொஞ்சம் போட்டது, நெல்லிக்காய் அளவு உருண்டைகளாக, மூங்கில் வாசனையோடு. அதை மிளகாய்ச் செடிக்குப் போட்ட வீட்டில் மிளகாய் இரண்டு மடங்கு காரமாகக் காய்த்தது, அதனால் பெண்கள் கிண்ணத்தோடு முறை வைத்து வாங்கிப்போனார்கள், முறை தவறியதில் இரண்டு வீட்டுக்காரர்கள் ஒரு வாரம் பேசிக்கொள்ளவில்லை. காபிக்கடைப் பெண் குதிரையோடு படம் எடுத்துப் போட்டாள், வெளியூர்க்காரர்கள் வந்து நின்று பார்த்துவிட்டு, பெசெல் தின்றுவிட்டுப் போனார்கள். தெருத் தலைவர் பாக் பர்னோவுக்கு மட்டும் ஒரு கவலை. பாக் என்பது ஐயா என்கிற மாதிரி. கால்நடைக்கெல்லாம் காது வில்லை போட வேண்டும் என்று உத்தரவு வந்திருந்தது, தன் தெருவில் ஒன்று வில்லையில்லாமல் தின்றுகொண்டிருப்பது அவருக்குத் தூக்கத்தைக் கெடுத்தது. அவர் மாட்டு டாக்டர் வாஹ்யுவை வரவழைத்தார். டாக்டர் குதிரையின் வாயைத் திறந்து பார்த்தார், வயிற்றைத் தட்டிப் பார்த்தார், கைப்பேசியில் செயலியைத் திறந்தார்.

"இதுல குதிரைக்குக் கட்டம் இல்லையே, பாக்."

"பக்கத்துல எது இருக்கு?"

"மாடு."

"மாடுன்னே போடுங்க, டாக்டர். எங்களுக்குப் பதிவாகணும், அவ்வளவுதான்."

டாக்டர் காதுப் பின்னலுக்குள் நுழைத்து மஞ்சள் வில்லையை அழுத்தினார். ஊர் கை தட்டியது. அன்றையிலிருந்து சும்பராரும் ஊரில் நூற்றுப் பன்னிரண்டு மாடுகள்.

இத்தனை கோலாகலத்தில் நிகெனை யாரும் சரியாகப் பார்க்கவில்லை. அவளுக்குப் பசி எடுப்பது நின்றுபோயிருந்தது. ஒருநாள் சாப்பிட மறந்தாள், இரண்டாம் நாளும் மறந்தாள். மூன்றாம் நாள் கைப்பேசியில் மூன்று வேளைக்கும் மணி வைத்து, மணி அடித்தால் தட்டின் முன்னால் உட்கார்ந்தாள். சோறு வாயில் சோறாக இல்லை, மெல்லுகிற ஒரு பொருளாக இருந்தது. பசியில்லாமல் விழுங்குவது எவ்வளவு பெரிய வேலை என்று அவளுக்கு அப்போதுதான் தெரிந்தது. கன்னம் ஒட்டியது, சலங்கை கணுக்காலிலிருந்து நழுவியது. தெருவில் பெரியவர்கள் அதைப் பார்த்து, பயணம் நல்லபடியாக முடிய விரதம் இருக்கிறாள், இந்தக் காலத்துப் பெண்ணில் இப்படி ஒருத்தியா என்று மரியாதையாக வழிவிட்டார்கள். தோழிகள் அதே கன்னத்தைப் பார்த்து, எந்தப் பாடகியின் உணவுமுறை இது, ஒருவேளையா இருவேளையா, எங்களுக்கும் சொல்லேன் என்று நச்சரித்தார்கள். இரண்டு கூட்டத்துக்கும் நடுவில் நின்று அவள் சிரித்து வைத்தாள்.

இபு சர்மி மட்டும் ஏமாறவில்லை. அந்த ஊரிலும் ஒருவரை ஒருவர் பார்த்தால் முதல் கேள்வி சாப்பிட்டாயா என்பதுதான். பதிலுக்காகக் கேட்பதில்லை, அன்புக்குக் கேட்பது. ஆனால் அவள் இப்போது பதிலுக்காகக் கேட்டாள். ஊருக்கே பசியாற்றுகிற கை, பெற்ற மகளுக்கு ஒரு வாய் ஊட்ட வழியில்லாமல் நின்றது. நேரே கடைத்தெருவுக்குப் போய், ஒரு போனின் வயிற்றைப் பிரித்து வைத்துக்கொண்டிருந்த மாஸ் குனாடியை அப்படியே இழுத்து வந்தாள்.

அவர் சட்டைப் பையில் ஸ்குரூ டிரைவரோடு வந்து, குதிரையின் வயிற்றில் காது வைத்துக் கேட்டார். முகம் வெளிறியது. "நீ கேளு" என்றார். நிகென் குனிந்து காது வைத்தாள். மூங்கிலுக்குள் ஒரு வயிறு கூவிக்கொண்டிருந்தது, முதலில் ஒரு நீளமான கூவல், பிறகு இரண்டு குட்டைக் கூவல். பரீட்சை அறையில் பக்கத்துப் பெண் திரும்பிப் பார்த்துச் சிரிக்கிற அளவுக்குக் கூவின அதே வயிறு.

"மாஸ், இது என்னுது."

"ஆமா" என்றார் அவர். "தப்பு என்மேலதான். உள்ள ஆவி இல்லாதப்போ கையை வெச்சு வழிச்சேன். கூப்பிட்டா ஏதாவது ஒண்ணு வந்தாகணும். அந்த நேரத்துல வாசல்ல நின்னது உன் பசிதான்."

இல்ஹாம் தலையில் கையை வைத்துக்கொண்டு வாசற்படியிலேயே உட்கார்ந்துவிட்டான்.

திருப்பி அனுப்ப முடியுமா என்றால், முடியும். ஆனால் எந்த நாளில் கதவு திறந்ததோ அந்த நாளில்தான் மறுபடி திறக்கும், லெகி சனி. எல்லோரும் கைப்பேசியை எடுத்து நாள்காட்டியைத் தேடினார்கள். இல்ஹாம்தான் முதலில் சொன்னான்.

"பதினாலாம் தேதி."

"எனக்கு ஃப்ளைட் பன்னெண்டு" என்றாள் நிகென்.

இரண்டு நாள். இரண்டே நாள் தள்ளிப் போகிறேன் என்று பயிற்சி நிலையத்தில் கேட்டுப் பார்த்தாள். அங்கே திட்டி என்ற சென்செய், அதாவது ஆசிரியை, மாணவிகள் எல்லோரும் பயப்படுகிறவர், அவளை எடைக் கருவியில் நிற்கச் சொன்னார். ஐம்பத்து நான்கு கிலோவாக இருந்தவள் நாற்பத்தேழாகி இருந்தாள்.

"பதினெட்டுப் பேரும் ஒரே விமானம். நீ நின்னா உன் இடத்துக்கு வேற பொண்ணு போவா, நீ திரும்பப் பரீட்சையிலேருந்து ஆரம்பிக்கணும். அதோட, நாப்பத்தஞ்சுக்குக் கீழ இறங்கினா நானே அனுப்ப மாட்டேன். நீ முதியவங்களைத் தூக்கப் போறே. உன்னைத் தூக்க அங்க ஆள் கிடையாது." சொல்லிவிட்டு, மேசை இழுப்பறையிலிருந்து ஒரு பிஸ்கட் பொட்டலத்தை எடுத்து அவள் பையில் திணித்தார். பயப்படுத்துகிறவர்களும் சாப்பாட்டு விஷயத்தில் அப்படித்தான்.

குதிரையையும் கூடவே அனுப்பிவிடலாம் என்று ஊர் முடிவு செய்தது. கைவினைப் பொருள் என்று எழுதினால் பெட்டியில் போட்டு அனுப்பலாம், எத்தனையோ பேர் அனுப்புகிறார்கள். அப்போதுதான் மஞ்சள் வில்லை ஞாபகம் வந்தது. வில்லை இருக்கிறவரை அது மாடு. மாடு ஜப்பானுக்குப் போக மாதக்கணக்கில் தனிமையில் கட்டிப்போட்டுச் சோதிப்பார்கள். வில்லையை வெட்டினால் காதுப் பின்னல் பிரியும், ஒரு பட்டை பிரிந்தால் மொத்தக் குதிரையும் பிரியும். முறைப்படி நீக்கலாம் என்று டாக்டர் வாஹ்யு செயலியைத் திறந்தார். நீக்குவதற்கு இரண்டே கட்டம்தான் இருந்தது. ஒன்று, விற்றாயிற்று. இன்னொன்று, அறுத்தாயிற்று. பாக் பர்னோவின் வீட்டுக் கூடத்தில் கூடியிருந்த நாற்பது பேரும் அந்தத் திரையைப் பார்த்தார்கள். பொய்யாகத்தானே, தட்டிவிடுங்கள் என்று யாராவது சொல்லியிருக்கலாம். ஒருவரும் சொல்லவில்லை. டாக்டர் விரலை எடுத்துக்கொண்டார். பதிவு பண்ணச் சொன்னதே நான்தான் என்று பாக் பர்னோ எல்லோர் முன்னாலும் அழுதார்.

நிகென் அன்று முழுக்க யோசித்தாள். போகாமல் இருந்தால் பசி திரும்பிவரும், ஆசை போய்விடும். போனால் ஆசை கையில் இருக்கும், பசி சுவரோரம் நிற்கும். எதை விட்டால் எது தன்னிடம் மிஞ்சும் என்று அவளுக்கு விளங்கவில்லை. கடைசியில் இல்ஹாம்தான் வந்து சொன்னான்.

"நீ போ. கேமரா வழியா போனது கேமரா வழியாவே வரட்டும். பதினாலாம் தேதி நான் லைவ் போடறேன்."

மாஸ் குனாடிக்கு நிச்சயமில்லை. தன் வாழ்நாளில் ஒரு ஆவியையும் அவர் கடல் தாண்டி அனுப்பியதில்லை. ஆனால் மறுக்கவும் இல்லை.

பன்னிரண்டாம் தேதி காலை குதிரைக்கு வயிறு நிறைய ஊட்டினாள். பயிற்சி நிலையத்து வண்டி வந்து நின்றதும், பதினான்கு மாதப் பழக்கத்தில் அம்மாவின் முன்னால் இடுப்புவரை குனிந்து நிமிர்ந்தாள். நிமிர்ந்த பிறகுதான் தான் செய்தது உறைத்தது. ஓடிப்போய் அம்மாவின் கையைப் பிடித்துத் தன் நெற்றியில் ஒற்றிக்கொண்டாள், அப்போதுதான் இருவருக்கும் அழுகை வந்தது. இபு சர்மி அவள் பையில் பெசெல் கட்டிகளை அடுக்கினாள். வேர்க்கடலையும் மிளகாயும் வெல்லமும் அரைத்துக் கெட்டியாகப் பிடித்து வைத்தது, வெந்நீரில் கரைத்தால் குழம்பு. அந்த ஊரிலிருந்து வெளிநாடு போகிற எந்தப் பெட்டியிலும் அது இருக்கும்.

"பசி வந்ததும் சாப்பிடு" என்றாள். வந்தால் என்று சொல்லவில்லை.

வடக்கு ஜப்பானில் பனி விழுந்துகொண்டிருந்தது. நிகென் அதைப் பார்த்தாள், ஆசைப்பட்டதைவிட அழகாகத்தான் இருந்தது. முதியோர் இல்லத்து மாடியில் பின்பக்கம் அவளுக்கு ஓர் அறை, ஒரு சாவி. தட்டில் வைத்த சோற்றில் மூன்று வாய்க்கு மேல் இறங்கவில்லை. இல்லத்தின் மேற்பார்வையாளர் சதோ என்ற பெண்மணி, மீந்த தட்டைப் பார்த்துவிட்டு ஒன்றும் கேட்காமல் எடுத்துப்போனார். கைப்பேசி மணி இன்னும் ஜாவா நேரத்துக்கே அடித்துக்கொண்டிருந்தது.

அங்கே குதிரையும் தின்னவில்லை. வியாழன் போனது, வெள்ளி போனது. பின்னல் தளர்ந்து விலா எலும்பைப்போல மூங்கில் துருத்தியது. இபு சர்மி கடையை மூடிவிட்டாள், அவள் கடை மூடியது இருபது வருஷத்தில் முதல் தடவை. சந்தையிலேயே நல்ல கீரையாகப் பார்த்துக் காசு கொடுத்து வாங்கிவந்து, தகரத்தின் கீழ் உட்கார்ந்து, ஒவ்வொரு தண்டாக நீட்டினாள். அது வாய் திறக்கவில்லை. இல்ஹாம் அதைப் படம் எடுத்து அனுப்பவில்லை, எழுத்தில் மட்டும் சொன்னான்.

சனிக்கிழமை ஜாவாவில் நாலு மணி, ஜப்பானில் ஆறு மணி. நிகென் அறையில் கைப்பேசியைத் தண்ணீர்ப் புட்டியில் சாய்த்து வைத்து, தரையில் பாய் விரித்து உட்கார்ந்தாள். திரையில் அவள் வீட்டு வாசல். மத்தளம் ஆரம்பித்திருந்தது. துரங்கோ முடோ முழுவதும் வந்திருந்தது, ஊரும் வந்திருந்தது. நடுவில் பாயில் குதிரை, அதன் தலை இபு சர்மியின் மடியில். திரையின் மூலையில் ஓர் எண், ஒன்பதாயிரத்து நானூறு. அத்தனை பேர் பார்த்துக்கொண்டிருந்தார்கள். இல்ஹாம் ஒரு வாரமாகச் சொல்லிச் சேர்த்த கூட்டம், அவன் வாழ்க்கையில் அதுவரை சேராத கூட்டம்.

மாஸ் குனாடி தலைப்பாகை கட்டாமல் வந்திருந்தார். குதிரையின் அருகே உட்கார்ந்தவர் நிமிர்ந்து கேமராவைப் பார்த்தார்.

"எத்தனை பேர் இருக்காங்க?"

இல்ஹாம் சொன்னான்.

"இத்தனை பேருக்கு நடுவுல இவ பசி யார் வயித்துக்குப் போகும்னு எனக்குத் தெரியாது, தம்பி."

மத்தளக்காரன் கை நின்றது. எண் மேலே போய்க்கொண்டிருந்தது, ஒன்பதாயிரத்து ஐந்நூறு, அறுநூறு. கேமராவுக்குப் பின்னால் இல்ஹாமும் அதைத்தான் பார்த்துக்கொண்டிருப்பான் என்று நிகெனுக்குத் தெரிந்தது. பிறகு படம் சட்டென்று இருண்டது. சற்றுப் பொறுத்து அவளுக்கு மட்டும் ஓர் இணைப்பு வந்தது. தொட்டாள். அதே வாசல், அதே பாய், மூலையில் எண் மாறியிருந்தது. பார்வையாளர்: 1.

"மாஸ், இந்தத் தடவை ஒரு தடவைதான்" என்றது இல்ஹாமின் குரல்.

"ஒரு தடவைதான்" என்றார் மாஸ் குனாடி.

மத்தளம் மறுபடி எழுந்தது. நிகென் பாயில் படுத்துத் தலையைத் திரையின் பக்கம் வைத்தாள். அவர் குதிரையின் காதில் சொல்ல வேண்டியதைச் சொன்னார், அவள் பெயரைச் சொன்னார், அவள் அப்பா பெயரைச் சொன்னார், தலையிலிருந்து வால்வரை வழித்துப் பிடிக்குள் மூடினார், கேமராவுக்கு நேரே கையைக் கொண்டுவந்து விரித்து, கன்னம் உப்ப ஊதப்போனார். படம் உறைந்துவிட்டது.

உப்பின கன்னத்தோடு அவர் அப்படியே நின்றார். நடுவில் ஒரு வட்டம் சுற்றிக்கொண்டிருந்தது. ஊதினாரா, ஊதியது வந்ததா, நடுக்கடலில் விழுந்துவிட்டதா என்று கேட்க வழியில்லை. இன்னொரு தடவை ஊதச் சொல்லவும் வழியில்லை, இன்னொரு தடவை கேட்டதில்தானே இத்தனையும் வந்தது. நிகென் திரையைத் தொடவில்லை. ஜன்னலில் பனி விழுந்தது. தன் வயிற்றின் மேல் இரண்டு கையையும் வைத்துக்கொண்டு, வா, வா என்று கூப்பிட்டாள், ஜாவா மொழியில் கூப்பிட்டாள், பிறகு எதற்கும் இருக்கட்டும் என்று ஜப்பானிய மொழியிலும் கூப்பிட்டாள்.

கீழே சமையலறையில் சதோ அம்மாள் சோற்றுப் பானையைத் திறந்திருக்க வேண்டும். ஆவி வாசனை படியேறி வந்தது. வந்த நாளிலிருந்து வருகிற அதே வாசனைதான். ஆனால் இப்போது அது சோற்று வாசனையாக இருந்தது. அறைக்குள் ஒரு சத்தம் கேட்டது, முதலில் நீளமாக ஒன்று, பிறகு குட்டையாக இரண்டு.

படம் அசைந்தது. மாஸ் குனாடி மூச்சு வாங்கிக்கொண்டிருந்தார். குதிரை இபு சர்மியின் மடியில் தட்டையாக, வெறும் பின்னலும் சாயமும் நாருமாகக் கிடந்தது, காதில் மஞ்சள் வில்லையோடு. இபு சர்மி கையில் இன்னும் கீரைத் தண்டு இருந்தது. அவள் குதிரையைப் பார்த்தாள், கேமராவைப் பார்த்தாள். கேட்கப் பயந்து பயந்து, எப்போதும் கேட்கிறதையே கேட்டாள்.

"சாப்பிட்டியா?"

"இல்ல, இபு" என்றாள் நிகென். "பசிக்குது. பசி உயிர் போகுது."

"பசிக்குதாம்!" என்று இபு சர்மி ஊரைப் பார்த்துக் கத்தினாள். "பசிக்குதாம், பசிக்குதாம்!" பாக் பர்னோ பக்கத்திலிருந்த யாரையோ கட்டிக்கொண்டார், தொங்குமணி கண்டபடி அடித்தது, இல்ஹாமும் சேர்ந்து குதித்ததில் வாசல் முழுக்கத் திரையில் ஆடியது. நிகென் பையைக் கவிழ்த்து, பெசெல் கட்டியைத் தேடி எடுத்து, காகிதத்தைப் பல்லால் கிழித்து, ஒரு மூலையைக் கடித்தாள். குதிரைச் சாணம் போட்டு வளர்த்த மிளகாயின் காரம் கண்ணில் நீராக வழிந்தது.

"ஏய், அப்படியே கடிக்காதடி, வெந்நீர்ல கரைச்சுச் சோத்துல போட்டுச் சாப்பிடு" என்று இபு சர்மி திட்டினாள். நிகென் காதில் அது விழவில்லை, அவள் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள்.